இடைவேளை மணி

ராசிபுரம்
10.11.1986

அன்புள்ள உங்களுக்கு,

போர்வெல் போடும் ரிக் வண்டியோடு மத்தியப் பிரதேசம் போன நான்கு மாதத்தில் உங்களிடமிருந்து ஒரு கடிதமும் இல்லை. அதைக் கேட்க இதை எழுதவில்லை. "பி.ஏ. படிச்சுப்போட்டு பொம்மைப் பொட்டி வெச்சுப் பொழைக்கப்போறியா?" என்று கேட்டுவிட்டுப் போனீர்களே, காசு போட்டு ஆடும் அந்த வீடியோ கேம் பெட்டியைப் பற்றித்தான்.

நம்மூர் தியேட்டரில் இடம் கேட்டு வைத்தேன்; முதல் வாரம் அதை ஒருவரும் தொடவில்லை. கறுப்பாக, இங்கிலீஷ் எழுத்தோடு நின்றது. ஞாயிற்றுக்கிழமைக்குள் கூட்டம் சேராவிட்டால் எடுத்துவிடச் சொன்னார் தியேட்டர்காரர். நாமக்கல்லில் லாரிக்கு பெயின்ட் அடிக்கும் அங்கமுத்துவை வரவழைத்தேன். மஞ்சள் பூசி, தாமரையும் இரண்டு கிளிகளும் வரைந்து, மேலே 'முருகன் துணை' என்று எழுதிக் கொடுத்தார்.

நேற்று ஞாயிறு. இடைவேளை முடிந்து மூன்று முறை மணியடித்தும் பெட்டியைச் சுற்றி நின்ற கூட்டம் உள்ளே போகவில்லை. தியேட்டர்காரர் ஓடி வந்தார்.

"ஏனுங்க அம்மிணி, நான் படத்த யாருக்குங்க ஓட்டறது? இன்னும் ரெண்டு பொட்டி கொண்டாந்து வைங்க. ஒப்பந்தம் உங்க ஊட்டுக்காரரு பேருலதானுங்களே?"

"என் பேருலயே எழுதுங்க" என்றேன்.

புதிதாக வைக்கப்போகும் ஒரு பெட்டிக்கு உங்கள் ரிக் வண்டியின் பச்சையையே அடிக்கச் சொல்லியிருக்கிறேன். பொங்கலுக்கு வாருங்கள். ஆடிப் பார்க்க ஆசையிருந்தால் நீங்களும் வரிசையில்தான் நிற்க வேண்டும்.

உங்கள் மனைவி