மலைக்குள்ளே அடிக்கிற மணி

1979 ஆவணி, சனிக்கிழமை ராத்திரி

அன்வருக்கு இன்னும் ஜுரம் இறங்கல. சாயங்காலம் பெரியாஸ்பத்திரிக்குப் போனேன். கண்ணை மூடிக்கிட்டே, "டேய், மணி அடிக்குது, கேக்குதா?"ன்னான்.

எந்த மணின்னு எனக்குப் புரிஞ்சிடுச்சு. மலைக்குள்ள ஒரு ஊர் இருக்குன்னு கதை கட்டினதே நாங்க ரெண்டு பேருந்தான். அந்த ஊருக்கு நான் மேயர், அவன் மேளம். பௌர்ணமிக்கு மலை சுத்தற ஜனங்க, மலைப் பக்கத்தைச் சித்தருங்களுக்கு விட்டுட்டு இடது ஓரமா நடப்பாங்க. அடி அண்ணாமலையில பாறைக்குப் பின்னாடி உக்காந்து அன்வர் தண்டவாளத் துண்டைத் தட்டுவான். ஜனங்க சித்தருங்க மணின்னு நெனச்சு பயபக்தியா கன்னத்துல போட்டுப்பாங்க. மூணு தடவை அடிச்சா 'உள்ளே வா'ன்னு அர்த்தம். அந்தச் சட்டம் நான் போட்டது.

"அது ஆஸ்பத்திரி மணிடா. போனா கஞ்சிதான் ஊத்துவாங்க"ன்னேன்.

அவன் சிரிக்கல. "மூணு அடிச்சிட்டாங்கடா. போகட்டுமா?"

அவங்க அம்மா என் கையைப் பிடிச்சிக்கிட்டாங்க. "காலையிலேருந்து இதையேதான் கேக்கறான். நீ சொன்னா கேப்பான், ஏதாவது சொல்லுப்பா."

வாய் ஜாஸ்தின்னு தெருவே திட்டற நான் அவன் காதுகிட்ட குனிஞ்சு, "மேயர் உத்தரவு. கேட்டைச் சாத்தியாச்சு, யாரும் உள்ளே வரக்கூடாது"ன்னேன்.

கொஞ்ச நேரம் உன்னிப்பா எதையோ கேட்டான். அப்புறம் மெதுவா சொன்னான்: "உள்ளே உன்னை யாருன்னே தெரியாதுன்றாங்கடா."

விடிஞ்சாதான் எதுவும் சொல்ல முடியும்னு நர்ஸம்மா என்னை வெளியே அனுப்பிட்டாங்க. இங்க வீட்ல படுத்துக்கிட்டுக் காதைத் தீட்டிப் பாக்கறேன். ஒரு சத்தமும் இல்ல. எனக்கும் அந்த மணி கேட்டா தேவலை. அங்க அவன் ஒண்டியா கேட்டுக்கிட்டு இருக்கான்.