வாசிக்காமல் வைத்த கையெழுத்து

பிள்ளையின் அம்மாவுக்கு,

என்னைத் திரும்ப வேலைக்கு எடுக்கச் சொல்லித் தீர்ப்பு வந்துவிட்டது. நான்கு வருடச் சம்பளத்தில் பாதி தருவார்கள். களஞ்சியத்தில் களவெடுத்தேன் என்று சிங்களத்தில் எழுதியிருந்த கடிதத்தில் வாசிக்காமல் கையெழுத்து வைத்தது என் பிழையாம். பிழைதான்.

எனக்குச் சிங்களம் வாசிக்கத் தெரியாது, உமக்குத் தெரியும். வெட்கத்தில் அந்தக் கடிதத்தை உம்மிடம் காட்டவில்லை. பிறகு நீராகவே எடுத்து வாசித்தீர். அடுத்த நாள் பிள்ளையோடு வத்தளைக்கு, அண்ணன் வீட்டுக்குப் போய்விட்டீர்.

நேற்று அலுவலகத்தில் சம்பளப் பாக்கிக்கு ஒரு கடிதம் நீட்டினார்கள். அதுவும் சிங்களம்.

"வைஃப் வாசிச்சுச் சொன்னாத்தான் சைன் வைப்பன்" என்றேன்.

"அவங்க எங்க?" என்று கிளார்க் கேட்டார். நான் கடிதத்தை மடித்துச் சட்டைப் பையில் வைத்தேன்.

அந்தக் கடிதத்தை இதனுடன் வைத்திருக்கிறேன். வாசித்துப் பாரும். திருப்பித் தபாலில் அனுப்ப வேண்டாம்.

வெள்ளவத்தை வீட்டிலிருந்து,
பிள்ளையின் அப்பா