அங்கீகாரத்துக்கு அலைந்த கர்னல்

லா பாஸ், ஜூலை 21, 1980
பட்டாளம் ஆட்சியைப் பிடித்து நாலு நாள். எங்கள் வெளியுறவு அமைச்சகத்துக்கு அமைச்சராக ஒரு கர்னல் வந்திருக்கிறார். குதிரைப்படைக்காரர். நம்மை ஏற்றுக்கொண்ட நாடுகளை உலகப் படத்தில் ஊசி குத்திக் காட்ட வேண்டுமாம். அர்ஜென்டினாவில் குத்தினேன். மற்ற ஊசிகள் பெட்டியிலேயே இருக்கின்றன.

ஜூலை 24
தம்பி ஃபெர்மின் மாவு லாரியில் ஒளிந்து வீட்டுக்கு வந்திருக்கிறான். சுரங்கத் தொழிலாளர் வானொலியில் கடைசி வரை பட்டாளத்தைத் திட்டியவன்.
"ரெண்டு நாள்தான்க்கா."
"ரெண்டு நாள்ல அவங்க போயிடுவாங்களாடா?"


ஜூலை 29
அமெரிக்கா தன் தூதரைத் திருப்பி அழைத்துக்கொண்டது. "நஷ்டம் அவங்களுக்குத்தான்" என்கிறார் கர்னல். நம் கஜானாவைப் பார்த்தவர் பேசுகிற பேச்சா இது?

ஆகஸ்ட் 1
சுதந்திர தின விருந்துக்குத் தூதரகங்களில் அழைப்பிதழ் கொடுக்கும் வேலை எனக்கு. ஃபெர்மினுக்குக் கோட்டு மாட்டி, உதவியாளன் என்று சொல்லி, அமைச்சகக் காரில் ஏற்றினேன். வெனிசுவேலா தூதரகத்துக்குள் இரண்டு பேர் போனோம். நான் மட்டும் திரும்பினேன். வாசல் சிப்பாய் காருக்கு சல்யூட் அடித்தான். உள்ளே எத்தனை தலை என்று எண்ணத் தெரியாத பட்டாளம்.


ஆகஸ்ட் 6
நாற்பது நாற்காலி. வந்த தூதர்கள் மூன்று பேர். அதில் ஒருவர் கறி பொதிந்த சால்டேன்யா தின்ன வந்தவர். படம் எடுக்க வேண்டுமே? கேப்டன்களுக்குக் கோட்டு மாட்டித் தூதர் நாற்காலிகளில் உட்காரவைத்தார் கர்னல். இதுதான் வெளியுறவுக் கொள்கை.

ஆகஸ்ட் 11
தூக்கமில்லை.

ஆகஸ்ட் 19
"வெனிசுவேலாக்காரன் நம்மள ஏத்துக்க என்னம்மா பண்ணணும்?"
"அவங்க தூதரகத்துல தஞ்சம் புகுந்தவங்கள வெளிநாடு போக விடலாம், சார். நல்லெண்ணம்னு நினைப்பாங்க."
 கர்னல் மீசையைத் தடவினார். "பதினோரு பேர்தானே? பயலுக தொலையட்டும். டைப் பண்ணு."
பட்டியலில் ஏழாவது பெயர் ஃபெர்மின் ஆருகிபா. என் பெயருக்குப் பின்னாலும் அதே ஆருகிபாதான். ஒரு வரி படித்தால் போதும், இரண்டு பேரும் தொலைந்தோம். படிக்காமலே கையெழுத்துப் போட்டார். பத்திரிகையில் இவரை "அறிஞர்" என்று எழுதியிருந்தார்கள்.

ஆகஸ்ட் 29
காலையில் பதினோரு பேரோடும் விமானம் போய்விட்டது. வழியனுப்பப் போகவில்லை; போகக் கூடாது.
மாலை வெனிசுவேலாத் தலைநகர் கராகஸிலிருந்து பதில் வந்தது. மனிதாபிமானத்துக்கு நன்றி, அவ்வளவே.
"கடைசி வரிய இன்னொரு தடவை படிம்மா. ஏத்துக்கறோம்னு இருக்கா?"
"இல்லை, சார்."
"அடுத்த தபால்ல வரும்."
"வந்துரும், சார்" என்றேன். வீட்டுக்கு வந்து இரண்டு கிண்ணம் சூப் குடித்தேன். ஃபெர்மின் அந்தக் கோட்டோடு போய்விட்டான். கராகஸ் வெயிலுக்கு அது எதற்கு?