இரண்டு பக்க அஞ்சலி

பெல்கிரேட், வியாழன்

மிலுதினுக்கு,

ரதோயேயின் நாற்பதாம் நாள் நினைவுச் சடங்கு சனிக்கிழமை. "அண்ணி, கல்லறையில நான் ரெண்டு வார்த்தை பேசுறேனே" என்று தொலைபேசியில் கேட்டாய். பேசு. பேச வேண்டியதை இத்துடன் வைத்திருக்கிறேன். உங்கள் படத்தைத் தடைசெய்த கட்சிக் குழுவுக்கு, இயக்குநரான நீ, பழி முழுவதையும் கதை எழுதிய ரதோயேமேல் போட்டு எழுதிக் கொடுத்த இரண்டு பக்கம். அந்த அலுவலகத் தட்டச்சுக்காரி அப்போதே எங்களுக்கு ஒரு நகல் கொடுத்தாள்.

சிவப்புப் பென்சில் திருத்தங்கள் அவருடையவை. "காட்டிக் கொடுக்குறதக்கூட ஒழுங்கா எழுதத் தெரியல இவனுக்கு" என்று சிரித்துக்கொண்டே திருத்தினார். பிறகு முப்பது ஆண்டுகள் அவர் ஒரு காட்சியும் எழுதவில்லை. நீ பதினொரு படம் எடுத்தாய்.

ஒரு வரியை மட்டும் அவர் தொடவில்லை: "இவரிடம் எழுத இனி எதுவும் இல்லை." அதை அவர் நம்பிவிட்டார்.

அந்த வரியைச் சத்தமாகப் படி. எனக்குக் காது மந்தம்.

உன் நண்பனின் விதவை