சலவைக்கூடத்தில் பிறந்த பாஷை

அன்பு மகளுக்கு அப்பா எழுதுவது. இங்கே நானும் உன் அம்மாவும் சௌக்கியம். அங்கே நீயும் சௌக்கியம் என்று உன் அம்மா சொல்கிறாள், நீ சொல்லித்தான் சொல்கிறாளா அவளாகச் சொல்கிறாளா என்பது எனக்குத் தெரியாது, ஏனென்றால் இப்போதெல்லாம் இந்த வீட்டில் எந்தச் சேதியும் என்னிடம் நேராக வருவதில்லை. முன்பெல்லாம் ஞாயிற்றுக்கிழமை நீ போன் செய்தால் முதலில் என்னிடம்தான் பேசுவாய். இப்போது போனை உன் அம்மா எடுத்துக்கொண்டு சமையலறைக்குள் போகிறாள், கதவைச் சாத்துகிறாள், வெளியே வரும்போது மூக்கு சிவந்திருக்கிறது. கேட்டால் வெங்காயம் நறுக்கினேன் என்கிறாள். போய்ப் பார்த்தால் அடுப்பில் பால் மட்டும்தான் இருக்கிறது. கடைசியாக என்னிடம் பேசியபோது நீ என்னவோ நீளமாகச் சொன்னாய், நானும் "சரிம்மா, உன் இஷ்டம்" என்று சொல்லி முடித்தேன், அதற்கு உன் அம்மா என்னை ஒரு பார்வை பார்த்தாள் பார், பக்கத்தில் பச்சைச் செடி இருந்திருந்தால் வாடியிருக்கும். அன்றிலிருந்து அவள் ஒரு மாதிரியாகத்தான் இருக்கிறாள். அதன் பிறகுதான் "அப்பாவ லெட்டர் எழுதச் சொல்லும்மா, அப்பா கையெழுத்தப் பாக்கணும்போல இருக்கு" என்று நீ சொன்னதாக எனக்கு ஒரு தகவல் வந்தது. என் கையெழுத்து எப்படி இருக்கும் என்று உனக்குத் தெரியும், பள்ளிக்கூடத்தில் உன் ரிப்போர்ட் கார்டில் நான் போட்ட கையெழுத்தைப் பார்த்து டீச்சர் நீயே போட்டுக்கொண்டாய் என்று நினைத்தார்கள். அதைப் பார்க்க ஆசையாம். மனிதன் எப்படிப் பேச ஆரம்பித்தான் என்று ஆராய்ச்சி செய்கிற மகளுக்கு அப்பனோடு மட்டும் பேச்சு வேண்டாம் போலிருக்கிறது.

அது இருக்கட்டும், நான் எழுத வந்தது நம் சலவைக்கூடத்தைப் பற்றி. அங்கே எனக்கு எதிராக ஏதோ நடக்கிறது என்று நெடுநாளாகச் சந்தேகம். நீ கடைசியாக வந்துபோன பிறகு சேர்ந்தவர்களை உனக்குத் தெரியாது. சூடான இஸ்திரி உருளையில் விரிப்புகளை விட்டுத் தேய்க்கிறவனை நெட்டையன் என்கிறோம், நிலைப்படியில் குனிந்துதான் வருவான், அவன் பாஷை எங்கள் யாருக்கும் தெரியாது. மடிப்பு மேசையில் உன் அம்மாவுக்கு எதிரே நின்று விரிப்பின் மறுமுனையைப் பிடிக்கிற பெண்ணுக்கு இன்னொரு பாஷை, அது நெட்டையனுக்கும் தெரியாது. வேன் ஓட்டுகிறவர் மட்டும் நம்மவர், பழைய ஆள்தான். இத்தனை வருஷமும் மெஷின் இரைச்சலில் தொண்டை கிழியக் கத்தித்தான் நான் வேலை வாங்கினேன், உனக்கே ஞாபகம் இருக்கும், பள்ளிக்கூடம் விட்டு வந்து வாசலில் நின்று காதைப் பொத்திக்கொள்வாய். இப்போது கூடத்தில் யாரும் வாயைத் திறப்பதே இல்லை. திறந்தாலும் முணுமுணுப்புதான், நான் திரும்பினால் அதுவும் நின்றுவிடுகிறது. எல்லாவற்றையும் கையால் பேசிக்கொள்கிறார்கள். மெக்கானிக் வந்து போன பிறகு மெஷின்கூட எவ்வளவோ அடங்கிவிட்டது, பழைய அலறல் இல்லை, உருளை சூடேறினால் அடிக்கிற அந்த மணியைக்கூடக் கழற்றிவிட்டான் போல. சத்தமே இல்லாத இடத்தில் எதற்குக் கையால் பேச வேண்டும்? என் காதில் விழக்கூடாது என்பதற்குத்தானே?

நான் சும்மா இருப்பேனா, காயப்போட்ட விரிப்புகளுக்குப் பின்னால் நின்று கவனித்தேன். முன்பு நெட்டையன் டீ வேண்டும் என்றால் கோப்பையைத் தூக்குவது போலத் தூக்கி, ஊதி, உறிஞ்சி, வாயைத் துடைப்பது வரைக்கும் நடித்துக் காட்டுவான், சிரிப்பாக இருக்கும். இப்போது கட்டைவிரலை உதட்டில் ஒரு தட்டு, அவ்வளவுதான், மடிப்பு மேசைப் பெண் போய் அடுப்பைப் பற்றவைக்கிறாள். ஆஸ்பத்திரித் துணிக்கு முதலில் படுத்துக் கண்மூடிக் காட்டினார்கள், இப்போது உள்ளங்கையைக் கன்னத்தில் ஒரு தடவு. தேய்ந்து தேய்ந்து விரல்நுனியில் வந்து நிற்கிறது. புதிதாகப் பார்க்கிற யாருக்கும் அது டீ என்றோ ஆஸ்பத்திரி என்றோ தெரியாது, அவர்களுக்கு மட்டும்தான் தெரியும். அதோடு விட்டார்களா, ஒன்றோடு ஒன்றைச் சேர்க்கவும் ஆரம்பித்துவிட்டார்கள், ஹோட்டல் என்று காட்டி, நாளை என்று காட்டி, கையைக் கவிழ்த்தால் நாளைக்கு ஹோட்டல் துணி வராது என்று அர்த்தம். எதிரில் இல்லாத துணியைப் பற்றி, இன்னும் வராத நாளைப் பற்றிப் பேசுகிறார்கள். பிறகுதான் பார்த்தேன், எனக்கும் ஒரு பெயர் வைத்திருக்கிறார்கள். இரண்டு கையையும் பின்னால் கட்டி மோவாயைத் தூக்கினால் அது நான். எதிரில் இல்லாதவனைப் பற்றிப் பேசத் தெரிந்துவிட்டால் பிறகு என்ன, கோள்தானே.

நீ போன தடவை வந்தபோது சாப்பாட்டு மேசையில் சொன்னாயே, பேச்சுக்கு எலும்பு கிடையாது, மண்ணைத் தோண்டினால் மண்டையோடு கிடைக்கும், வார்த்தை கிடைக்காது, அதனால் யாருக்கும் முடிவாகத் தெரியாது என்று. குரல்வளை கீழே இறங்கியதால்தான் இத்தனை விதமாகப் பேச முடிகிறது, அதனால்தான் புரையும் ஏறுகிறது என்று நீ சொல்லும்போதே எனக்குப் புரையேறியது. வாய்க்கு முன்னால் கைதான் பேசியது என்று சில பேர் சொல்கிறார்கள் என்றாய், காது கேட்காத பிள்ளைகளை ஒன்றாகச் சேர்த்தபோது யாரும் கற்றுக்கொடுக்காமல் அவர்களே ஒரு பாஷையை உண்டாக்கிய கதையையும் சொன்னாய். அன்றைக்கு என் காதில் பூ சுற்றுகிறாய் என்று நினைத்தேன். இப்போது நம்புகிறேன், ஆனால் சேர்ந்து வேலை செய்யத்தான் மனிதன் பேச ஆரம்பித்தான் என்கிறாயே, அதை மட்டும் நம்பமாட்டேன். குகை வாசலில் ஒருவன் நின்றிருப்பான், உள்ளே இருந்தவர்கள் அவனுக்குத் தெரியாமல் கறியைப் பங்கு போட நினைத்திருப்பார்கள், அங்கேதான் ஆரம்பித்திருக்கும். என் கட்சி இதுதான், உன் பேராசிரியரிடம் சொல்லிப் பார்.

என் சந்தேகம் உறுதியானது வேன்காரரால். பின்வாசலில் நின்று மூட்டைகளைப் பார்த்துக்கொண்டிருந்தேன், திடீரென்று யாரோ சட்டையைப் பிடித்து இழுத்தார்கள், சரிந்துபோய் அழுக்குத்துணிக் குவியலில் உட்கார்ந்தேன், நான் நின்ற இடத்தில் வேன் பின்னால் வந்து நிற்கிறது. இழுத்தது மடிப்பு மேசைப் பெண். ஒரு ஹாரன் கிடையாது, ஒரு குரல் கிடையாது, ஓசைப்படாமல் வந்து ஏற்றப் பார்த்தார் மனுஷன். வாயாலேயே ஏறி இறங்கிவிட்டேன் அவர்மேல், அவர் முகம் வெளுத்துப்போய் ஏதோ வாயை அசைத்தார், பிறகு என்னைப் பார்க்காமல் உன் அம்மாவைப் பார்த்தார். ஆக அவளுக்கும் தெரியும். மறுநாள் நான் வங்கிக்குப் போவதாகச் சொல்லிவிட்டுப் பக்கவாட்டு வழியாக வந்து விரிப்புகளுக்குப் பின்னால் நின்றேன். உன் அம்மா நடுவில், மற்றவர்கள் சுற்றி. அவள் கையைப் பின்னால் கட்டினாள், மோவாயைத் தூக்கினாள், அது நான். பிறகு காதைத் தொட்டாள். பிறகு கையைக் கவிழ்த்தாள். பிறகு விரலை உதட்டின் மேல் வைத்தாள். எனக்கு யாரும் பொழிப்புரை சொல்ல வேண்டியிருக்கவில்லை.

நேராக வீட்டுக்கு வந்து கெட்டிலில் தண்ணீர் வைத்தேன், அந்த விசில் அடிக்கிற கெட்டில்தான், நீ வாங்கி அனுப்பியது. ஆவி மூக்கு வழியாகப் பீறிக்கொண்டு வந்தது, மூடி ஆடியது, விசில் வரவில்லை. கெட்டில் கெட்டுவிட்டது என்று எடுக்கப் போனேன், அதற்குள் பக்கத்து வீட்டம்மா ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்துக் கெட்டிலைக் காட்டிக் காதைப் பொத்தினார். கெட்டில் கெடவில்லை கண்ணு, அடுப்பை அணைத்துவிட்டு அங்கேயே ஸ்டூலில் உட்கார்ந்துவிட்டேன். உன் அம்மா வந்ததும் கேட்டேன். என் காதருகே வந்து கத்தினாள், "சொன்னா ஒத்துக்குவீங்களா? எல்லாரும் முணுமுணுக்கிறாங்கன்னுதானே சொல்லுவீங்க! டாக்டர்னு வாயெடுத்தாலே எந்திரிச்சுப் போயிடுவீங்க!" மணியை யாரும் கழற்றவில்லையாம், அது அடித்துக்கொண்டே இருக்கும்போது நான் பாட்டுக்கு உருளைக்குக் கீழே கையை விட்டேனாம், நெட்டையன் பாய்ந்து நிறுத்தியிருக்கிறான். அன்றைக்குத்தான் இவள், இனிமேல் எல்லாவற்றையும் கையால் காட்டுவோம், அவருக்கும் பழகிவிடும் என்று ஆரம்பித்திருக்கிறாள். பாஷை தெரியாத இரண்டு பேருக்கும் அது வசதியாகப் போக, ஆளுக்கொன்று சேர்க்கச் சேர்க்க வளர்ந்துவிட்டது. வேன்காரர் ஹாரனை விடாமல் அடித்தாராம், அவரிடம் நான் எந்த முகத்தோடு போய் நிற்பேன்? இன்னொன்று கேள், "நீங்க மட்டும் என்ன, காலைல இருந்து கட்டைவிரல உதட்டுல தட்டித்தானே டீ கேக்கிறீங்க" என்றாள். யோசித்துப் பார்த்தேன், உண்மைதான், எப்போது கற்றுக்கொண்டேன் என்று எனக்கே தெரியாது.

அதற்காக என் சந்தேகமெல்லாம் தீர்ந்துவிட்டது என்று நினைக்காதே. நீயும் இதில் கூட்டு, லெட்டர் எழுதச் சொன்னதன் குட்டு வெளிப்பட்டுவிட்டது. டாக்டரிடம் போகிறேன், அவர் காதில் மாட்டுவதற்கு எதைக் கொடுத்தாலும் மாட்டிக்கொள்கிறேன், ஆனால் அவரும் முணுமுணுக்கிற ஆளாக இருந்தால் எழுந்து வந்துவிடுவேன். நேரத்துக்குச் சாப்பிடு, படிக்கிற இடத்திலேயே தலைசாய்த்துத் தூங்காதே, யார் எதைச் சொன்னாலும் உடனே நம்பிவிடாதே. ஞாயிற்றுக்கிழமை வீடியோவில் வா, வெளிச்சத்தில் உட்கார், முகம் மட்டும் போதாது, இரண்டு கையும் தெரிய வேண்டும், நான்கைந்து வார்த்தைகள் சொல்லித்தருகிறேன், உன் ஆராய்ச்சிக்கும் ஆகும். உனக்கும் கூடத்தில் ஒரு பெயர் இருக்கிறது, உன் அம்மா வைத்தது, நெஞ்சில் ஒரு தட்டுத் தட்டிக் கையை ஜன்னல் பக்கம் நீட்டினால் அது நீ. நீ நீண்ட ஆயுளோடும் நல்ல பெயரோடும் இருக்க வேண்டும், வேறென்ன வேண்டப்போகிறேன்.

மறக்காமல் ஒன்று. இத்தனை மாதமாக நீ போனில் சொன்னதற்கெல்லாம் நான் சரி சரி என்றேனே, ஒரு வார்த்தைகூட என் காதில் விழுந்ததில்லை. எதற்கெல்லாம் சரி சொல்லியிருக்கிறேன் என்று ஒன்று விடாமல் எழுது. கடைசியாக ஒன்று கேட்டாயே, உன் அம்மா மூக்கு சிவந்ததே, அது அங்கேயே இருந்துவிடட்டுமா என்று கேட்டதாக இருந்தால், அந்தச் சரி செல்லாது. திரும்ப ஒரு தடவை என் முகத்தைப் பார்த்துக் கேள்.

இப்படிக்கு,
கையைப் பின்னால் கட்டி மோவாயைத் தூக்கிய உன் அப்பா