அரசன் வரும்போது எழாதவள்

ஜூலை 14, திங்கள்

காலையிலேயே வெயில். ஆனையூரிலிருந்து மாட்டுத்தாவணி வரை நின்றபடியே பயணம். அங்கிருந்து ஒத்தக்கடைப் பள்ளிக்கு இன்னொரு பஸ். சிலிண்டர் பதிய மறந்தாயிற்று.

ஒன்பதாம் வகுப்பு 'ஆ' பிரிவு. பாடத்தில் இருக்கும் பழைய மேடை நாடகம். அரசன் ஊர்க் கண்மாய்த் தண்ணீரைத் தன் நந்தவனத்துக்குத் திருப்பிவிடுகிறான், பயிர் கருகுகிறது. அவன் சபைக்குள் வரும்போது எல்லோரும் எழ, ஒரு குடியானவப் பெண் மட்டும் உட்கார்ந்தே இருக்கிறாள். படிக்கிற காலத்தில் இந்த இடத்தில் எனக்குப் புல்லரித்தது. இதுகள் கொட்டாவி விடுகின்றன. சந்தோஷ் கேட்கிறான்: "டீச்சர், இதுல அஞ்சு மார்க் எது, ரெண்டு மார்க் எது?"

ஹெச்.எம். கூப்பிட்டார். "நாடகத்துக்கெல்லாம் நோட்ஸ் குடுத்து முடிங்க டீச்சர். அடுத்த வாரத்துலருந்து உங்க ஆறாம் பீரியட் கணக்குக்கு." "சரி சார்" என்று வந்துவிட்டேன். பன்னிரண்டு வருஷமாக "சரி சார்". எரிச்சல். அவர்மேல் பாதி, என்மேல் பாதி.

இந்த வாரம் இன்னும் நாலு பீரியட் இருக்கிறது. நோட்ஸ் கிடையாது. நடிக்கவே வைக்கப் போகிறேன்.

ஜூலை 15, செவ்வாய்

தேவை: தங்க நிறத் தாள், ஸ்வீட் பாக்ஸ் அட்டை, சேப்டி பின், சிவப்புத் துண்டு. தொண்டைக்கு மிளகு.

பெஞ்சுகளைச் சுவரோரம் தள்ளினோம். நடுவில் சபை. அரசனாக வர ஒருத்தரும் தயாரில்லை. சரி, நானே. குடியானவப் பெண்ணாகத் தர்ஷினி. திருவாதவூரிலிருந்து வருகிறவள், கேட்டால்தான் வாயைத் திறப்பாள். இன்று மட்டும் அவளாகவே, "எங்க ஊர்லயும் கண்மா இருக்கு டீச்சர்." அதனால் அவள்.

வாயில்காப்போன் சந்தோஷ் "அரசர் வருகிறார்!" என்று கத்த, உள்ளே நுழைந்தேன். மொத்த வகுப்பும் எழுந்து, ஒரே ராகத்தில், "வணக்கம் டீச்சர்!" தர்ஷினியும்தான். நாலு தடவை. நாலு தடவையும்.

"நீ எந்திரிக்கக் கூடாதும்மா."

"தெரியுது டீச்சர். காலு தானா எந்திரிச்சிருது."

அப்போது சிரித்துவிட்டேன். திரும்பும்போது பஸ்ஸில் சிரிப்பு வரவில்லை. ஒன்பது வருஷம் பழக்கிய கால். பழக்கியதும் நாங்கள்தான்.

ஜூலை 16, புதன்

புழுதிக் காற்று. கண்ணில் மண்.

இன்று வசனமே இல்லை. நான் வெளியே போய் உள்ளே வருவேன், யாரும் எழக் கூடாது. அதுதான் பாடம். முதல் தடவை பாதி வகுப்பு எழுந்தது. சிலர் பெஞ்சைப் பிடித்துக்கொண்டார்கள். ஒருத்தி கண்ணை இறுக மூடிக்கொண்டாள். ஆறாவது தடவைதான் ஒருத்தரும் எழவில்லை. அப்போது எப்படி இருந்தது என்று எழுதச் சொன்னேன்.

– காலு எந்திரிக்கப் பாத்துச்சு, அமுக்கிப் பிடிச்சேன்
– அடி விழும்னு நெனச்சேன்
– கெத்தா இருந்துச்சு (சந்தோஷ், வேறு யார்)
– பயமா இருந்துச்சு. அந்தப் பொம்பளைக்கும் இம்புட்டுப் பயம் இருந்திருக்கும்ல டீச்சர்?

கடைசியது தர்ஷினி. எனக்கே தோன்றாத ஒன்று. அந்தப் பெண் தைரியசாலி என்று மட்டும்தான் இத்தனை வருஷம் நடத்தியிருக்கிறேன். சந்தோஷமாக இருந்தது, கொஞ்சம் வெட்கமாகவும்.

ஜூலை 17, வியாழன்

ஆடி பிறந்தாயிற்று. சிலிண்டர் இன்னும் பதியவில்லை. பஸ்ஸில் பின்சீட்டுக்காரர் போனில்: "வாரேன் மாப்ள, ஒத்தக்கடை தாண்டிட்டேன்." பஸ் மாட்டுத்தாவணியை விட்டே கிளம்பவில்லை. கூசாமல் நடிக்கிறார், அவரை அரசனாகப் போட்டிருக்கலாம்.

கிரீடம் தயார். அளவு பெரிது, காதில்தான் நிற்கிறது. தர்ஷினி மூன்று தடவையும் உட்கார்ந்தே இருந்தாள். வசனமும் மனப்பாடம்.

கணக்கு டீச்சர் எட்டிப் பார்த்தார். "கூத்து எப்ப முடியும்?" "நாளைக்கு" என்றேன். சொன்னதும் மனசு சுருங்கிவிட்டது. கடைசிக் காட்சியைத் தொடவே இல்லை. அரசன் இறங்கி வந்து அவள் பக்கத்தில் தரையில் உட்காரும் காட்சி. அது இல்லாவிட்டால் நாடகமே இல்லை. இன்னும் ஒரு வாரம் வேண்டும். ஹெச்.எம்.மிடம் கேட்க வேண்டும். கேட்டே ஆக வேண்டும்.

ஜூலை 18, வெள்ளி

காலையில் ஹெச்.எம். அறை வாசல் வரை போனேன். யாரோ பேசிக்கொண்டிருந்தார்கள். அதைச் சாக்காக வைத்துத் திரும்பிவிட்டேன்.

ஆறாம் பீரியட். கிரீடமும் சிவப்புத் துண்டுமாக வராந்தாவில் நிற்கிறேன். எதிரே ஹெச்.எம். என்னைப் பார்த்தார், கிரீடத்தைப் பார்த்தார், எனக்கு முன்னால் வகுப்புக்குள் நுழைந்தார். காலடிச் சத்தம் கேட்டதும் சந்தோஷ் கத்திவிட்டான், "அரசர் வருகிறார்!"

எல்லோரும் எழுந்தார்கள். "வணக்கம் சார்!" தர்ஷினி மட்டும் தரையில்.

இந்த வாரம் முழுக்க எழாதே எழாதே என்று சொன்ன நான்தான், வாசலில் நின்று கையைக் காட்டினேன். எந்திரி, எந்திரி. அவள் பார்த்தாள். எழவில்லை. பாவாடையை இறுகப் பிடித்துக்கொண்டாள்.

"என்னம்மா, எந்திரிக்க மாட்டியா?" என்றார் ஹெச்.எம்.

"கருகிய பயிர் எழட்டும், அரசே. அதன் பிறகு நான் எழுகிறேன்."

வசனத்தைச் சொல்லியே விட்டாள்.

ஹெச்.எம். குனிந்து அவளைப் பார்த்தார். பிறகு என் பக்கம் திரும்பினார். "நல்லாத்தான் பண்ணுது புள்ள. சரி, திங்கக்கிழமைலருந்து கணக்குதான டீச்சர்?"

"சரி சார்" நாக்கு நுனி வரை வந்துவிட்டது. தர்ஷினி இன்னும் தரையிலேயே இருந்தாள்.

"இல்ல சார். இன்னும் ஒரு காட்சி இருக்கு. ஒரு வாரம் வேணும்."

சொல்லி முடித்த பிறகுதான் காதில் அட்டை உறுத்தியது. கிரீடத்தைக் கழற்றவே இல்லை.