வாய்க்கால் ஓரத்து நீர்க்கோலி

அலங்கியம்,
10.9.1993

அன்புள்ள அண்ணனுக்கு,

தெய்வாத்தாள் எழுதறது. அண்ணியும் நீங்களும் சொகந்தானுங்களா? காலேஜுல விலங்கியல் பாடம் நடத்தறவருக்குத் தங்கச்சிக்கு ரெண்டு வரி எழுத நேரமில்லீங்களாக்கும்.

வாய்க்கால்ல தண்ணி உட்டாச்சு, நெல்லு நட்டிருக்கறோம். தண்ணியோட பாம்பும் வந்துருச்சுங்க. உங்க மாப்பிள்ளை தடியில்லாம வயலுக்குப் போறதில்லை. எங்க மாமனார் பாம்பு கடிச்சுப் போனவரல்லங்களா, அதுலருந்து இவரு எதைக் கண்டாலும் அடிச்சுப்போடறாரு. நேத்து அடிச்சது நாகமாட்டம் கழுத்தை விரிச்சுதுங்க. உடம்பு பூராக் கட்டங்கட்டமா இருந்துச்சு. அது என்ன பாம்புங்க? அடிக்காதீங்கன்னு நாஞ்சொன்னாக் கேக்கமாட்டாரு. நீங்க எழுதுனாக் கேப்பாரு.

உங்க தங்கச்சி
தெய்வாத்தாள்


கோயமுத்தூர்,
18.9.1993

அன்புத் தங்கச்சிக்கு,

உன் கோபம் நியாயம்தான். விடைத்தாள் திருத்துகிற வேலையில் எல்லாம் தள்ளிப்போய்விட்டது.

நீ சொன்னது நீர்க்கோலி. குளம், வயல், காட்டோடை என்று தவளையும் மீனும் இருக்கிற இடமெல்லாம் அதற்கு வீடுதான். பயந்தால் கழுத்தைத் தட்டையாக்கி நாகம் போலக் காட்டும். விஷம் கிடையாது. கண்ணுக்குக் கீழே மை இழுத்த மாதிரி இரண்டு கறுப்புக் கோடு இருக்கும். வரப்புப் பொந்தில் முட்டையிட்டு, தாய் அதைச் சுற்றிக்கொண்டு காவல் கிடப்பதும் உண்டு. பாம்புகளில் அப்படிக் கிடப்பவை கொஞ்சம்தான்.

கோபக்காரப் பாம்பு, பிடித்தால் கடிக்கும், ரத்தம் கசியும். சோப்புப் போட்டுக் கழுவிவிட்டு வேலையைப் பார்க்கலாம் என்று மாப்பிள்ளையிடம் சொல். அடிக்க வேண்டாம்.

அன்புடன்,
திருமூர்த்தி


அலங்கியம்,
2.11.1993

அன்புள்ள அண்ணனுக்கு,

அடிக்கறதை உட்டுட்டாருங்க. போன வாரம் மடை திறக்கையில ஒண்ணு விரலைக் கடிச்சுருச்சு. நான் அழுதுபோட்டேன். இவரு கழுவிப்போட்டு, “கண்ணுக்குக் கீழ கோடு பாத்தேன் அம்மணி, உங்கண்ணன் சொன்னது செரிதான்”னு சிரிச்சாரு.

எங்க மாமனார் போனதுலருந்து தூக்கத்துல திடுக்குன்னு எந்திரிச்சு உக்காந்துக்குவாருங்க. இப்ப நல்லாத் தூங்கறாரு. உங்களுக்குப் புண்ணியமாப் போகும். பொங்கலுக்கு அண்ணியைக் கூட்டிக்கிட்டு வாங்க.

உங்க தங்கச்சி
தெய்வாத்தாள்


கோயமுத்தூர்,
20.12.1993

தங்கச்சி தெய்வாத்தாளுக்கு,

மாப்பிள்ளை பாலுசாமியின் காரியம் முடிந்து வந்ததிலிருந்து எழுத உட்காருவதும் எழுந்துவிடுவதுமாக இருக்கிறேன். அங்கே இருந்த வரைக்கும் நீ என் முகத்தைப் பார்க்கவில்லை. அது சரிதான்.

கடித்தது கண்ணாடிவிரியன் என்றார் டாக்டர். எலி தேடி அதுவும் வரப்புக்குத்தான் வரும். நீர்க்கோலி கிடக்கிற வரப்பிலேயே விரியனும் கிடக்கும் என்று எனக்குத் தெரியும். தெரிந்தும் ஒன்றைப் பற்றி மட்டும் எழுதினேன். எது கடித்தாலும் முதலில் ஆஸ்பத்திரிக்குப் போங்கள் என்று எழுதாமல் விட்டேன்.

அன்றைக்கு மாப்பிள்ளை என்ன சொன்னார் என்று எனக்குத் தெரிய வேண்டும். மனமில்லையென்றால் எழுத வேண்டாம்.

திருமூர்த்தி


அலங்கியம்,
9.1.1994

அண்ணனுக்கு,

கேட்டீங்க, எழுதறேன். பொழுது மசங்கி வந்தாரு. கால்ல கடிச்சுருச்சு, தண்ணிப்பாம்புதான்னு சோப்புப் போட்டுக் கழுவுனாரு. கோடு பாத்தீங்களான்னு கேட்டேன். “மசமசன்னு இருக்கறப்ப எங்க பாக்கறது? அதான் உங்கண்ணன் எழுதியிருக்காரில்ல, சும்மா இரு”ன்னாரு. சோறு உண்டாரு. கால் வீங்கிப் பல்லீறுல ரத்தம் வந்தப்பறந்தான் வண்டிக்கு ஓடுனேன். தாராபுரம் ஆஸ்பத்திரியில, நேரம் கடந்துபோச்சுன்னுட்டாங்க.

உங்க மேல கோவம் இல்லைன்னு எழுத எனக்கு வரலீங்க. இருக்குது. நீங்க எழுதாம இருந்திருந்தா இவரு இருப்பாருன்னு தோணுது. கடைசியா ரெண்டு மாசம் பயமில்லாமத் தூங்குனதும் உங்களாலதான். அதையும் நெனைக்கறேன்.

நீங்க போனப்பறம் பங்காளிங்க தடியெடுத்துக்கிட்டு வாய்க்கால் ஓரத்துல கெடந்த நீர்க்கோலியெல்லாம் அடிச்சாங்க. அவரைக் கடிச்சது இது இல்லைன்னு சொல்லிப் பாத்தேன், கேக்கலை. வரப்புல போயி குறுக்க நின்னுட்டேன். அப்பறம் உட்டுட்டுப் போயிட்டாங்க. எதுக்கு நின்னேன்னு எனக்கே தெரியலீங்க.

நெல்லு தலை சாஞ்சிருச்சு. தை பொறந்ததும் அறுக்கோணும். அந்த வரப்புல தனியாப் போக எனக்குக் கால் வரமாட்டேங்குது. எனக்கு முன்னால ஒருத்தர் நடக்கோணும். எதையும் பேச வேண்டாம். நீங்க வாங்க.

தெய்வாத்தாள்